சிலருக்கு மட்டும் தெரியாமல் ஒரு படத்தைப் பகிர முடியுமா?

வாசகியின் கடிதம்:

"எனக்கு வயது 31. சேலம் செவ்வாய்ப்பேட்டையில் கூட்டுக் குடும்பத்தில் வாழ்கிறேன். என் கணவர் வெள்ளிக் கொலுசுப் பட்டறை வைத்திருக்கிறார். கொலுசுகளைப் படம் எடுத்து வாட்ஸ்அப் ஸ்டேட்டஸிலும் இன்ஸ்டாகிராமிலும் போட்டு ஆர்டர் பிடிப்பது என் வேலை. சென்ற மாதம் கல்லூரித் தோழிகள் மூவரோடு ஒரு நாள் ஏற்காடு போய் வந்தேன். கணவருக்குத் தெரியும். மாமியாரிடம் மட்டும் அம்மா வீட்டுக்குப் போவதாகச் சொல்லியிருந்தேன். அன்று மாலை ஸ்டேட்டஸில் படங்களைப் போடுவதற்கு முன்பே, நாத்தனாருக்குத் தெரியாதபடி அவருடைய எண்ணை விலக்கிவிட்டேன். அப்படியும் மறுநாள் காலையில் ஒரு படம் அவர் வழியாக மாமியாரின் போனுக்கு வந்துவிட்டது. படகு இல்லத்துக்கு முன்னால் நாங்கள் நால்வரும் நிற்கும் படம். அதன் மேல் நான் எழுதியிருந்த வாசகம்கூட அதில் இல்லை. அன்றிலிருந்து வீட்டில் யாரும் முகம் கொடுத்துப் பேசுவதில்லை. ஃபேஸ்புக்கிலும் இன்ஸ்டாகிராமிலும் உறவினர்கள் நிறையப் பேர் இருக்கிறார்கள். அவர்களை நீக்கினால் பெரிய பேச்சாகிவிடும். நீக்காமல், அவர்களுக்குத் தெரியாமல், சில படங்களை மட்டும் மறைக்க வழி உண்டா? அப்படி மறைப்பது தவறா? 'மறைத்தால்தான் சந்தேகம் வரும், எதையும் போடாமலே இரு' என்கிறார் கணவர்."

— பெயர் வெளியிட விரும்பாத வாசகி

குடும்பநல ஆலோசகரின் பதில்:

அன்புள்ள சகோதரிக்கு,

வழி உண்டு, அது தவறும் இல்லை. இரண்டையும் விரிவாகவே சொல்கிறேன். அதற்கு முன்பு, அந்தப் படம் உங்கள் மாமியாரின் போனுக்கு எப்படிப் போய்ச் சேர்ந்தது என்பதைப் பார்த்துவிடுவோம். ஓட்டை எங்கே இருக்கிறது என்று தெரியாமல் எந்த அமைப்பை மாற்றினாலும், அடுத்த படமும் அதே வழியில்தான் வெளியே போகும்.

உங்கள் ஸ்டேட்டஸில் படத்தின் மேலேயே ஒரு வாசகம் எழுதியிருந்ததாகவும், மாமியார் காட்டிய படத்தில் அது இல்லை என்றும் நீங்கள் எழுதியிருக்கிறீர்கள். ஒருவர் ஸ்டேட்டஸை ஸ்க்ரீன்ஷாட் எடுத்தால், மேலே வரும் பெயரையும் நேரத்தையும் வெட்டிவிடலாமே தவிர, படத்தின் நடுவில் எழுதியதை அவ்வளவு எளிதில் அழிக்க முடியாது. ஆகவே அது உங்கள் ஸ்டேட்டஸிலிருந்து போன படம் அன்று என்றே நான் கருதுகிறேன். இன்னொன்றையும் கவனியுங்கள். படத்தில் நீங்கள் நால்வரும் நிற்கிறீர்கள் என்றால் எடுத்தவர் ஐந்தாவது ஆள். படகுத்துறையில் நின்றிருந்த யாரிடமோ போனைக் கொடுத்து எடுக்கச் சொல்லியிருப்பீர்கள். அப்போது கொடுத்தது யாருடைய போன் என்பதை நினைவுபடுத்திப் பாருங்கள். அந்தத் தோழி தன்னுடைய ஃபேஸ்புக் பக்கத்தில் அதே படத்தைப் போட்டு, உங்கள் மூவரையும் டேக் செய்திருந்தால், அதாவது படத்தோடு உங்கள் பெயர்களை இணைத்திருந்தால், வேறு எதையும் தேட வேண்டியதில்லை. ஃபேஸ்புக்கில் ஒருவர் நண்பர்களுக்கு மட்டும் என்று ஒரு படத்தைப் போட்டு உங்களை டேக் செய்தால், பொதுவாக உங்களுடைய நண்பர்களும் அதைப் பார்க்க முடியும். உங்கள் நாத்தனார் உங்கள் நட்புப் பட்டியலில் இருக்கிறார். அவர் உங்கள் வாட்ஸ்அப்பை எட்டிப் பார்க்கவே தேவையிருக்கவில்லை. படம் அவர் பார்க்கும் இடத்துக்கே வந்திருக்கிறது.

இதை முதலில் சொல்வதற்குக் காரணம், இப்படிப்பட்ட நேரங்களில் வீட்டில் இருப்பவர்கள்மேல் வீண் சந்தேகம் பரவிவிடுகிறது என்பதுதான். போனை யாரோ எடுத்துப் பார்த்துவிட்டார்கள், பிள்ளைகள் காட்டிக்கொடுத்துவிட்டார்கள் என்றெல்லாம் மனம் ஓடும். மன நிம்மதிக்காக ஒன்றை மட்டும் சரிபார்த்துக்கொள்ளுங்கள்: வாட்ஸ்அப்பில் 'லிங்க்டு டிவைசஸ்' என்ற பகுதியைத் திறந்தால், உங்கள் கணக்கு வேறு எந்தக் கணினியிலாவது போனிலாவது இணைக்கப்பட்டிருக்கிறதா என்று தெரியும். பட்டறைக் கணினியில் எப்போதோ இணைத்துவிட்டு மறந்திருந்தால் அதை அங்கிருந்தே துண்டித்துவிடலாம். அதில் அறியாத பெயர் எதுவும் இல்லையென்றால் அந்தச் சந்தேகத்தை அதோடு விட்டுவிடுங்கள்.

இனி வாட்ஸ்அப். ஸ்டேட்டஸ் யாருக்குத் தெரிய வேண்டும் என்பதற்கு ப்ரைவசி பகுதியில் மூன்று தேர்வுகள் உள்ளன. முதலாவது, போனில் பதிந்திருக்கும் எண்கள் எல்லாவற்றுக்கும் காட்டுவது. இதுதான் 'மை காண்டாக்ட்ஸ்'. இரண்டாவது, 'மை காண்டாக்ட்ஸ் எக்ஸெப்ட்', அதாவது நீங்கள் குறிக்கும் சிலரைத் தவிர மற்ற எல்லோருக்கும் காட்டுவது. மூன்றாவது, 'ஒன்லி ஷேர் வித்', நீங்கள் குறிக்கும் சிலருக்கு மட்டும் காட்டுவது. நீங்கள் இரண்டாவதைப் பயன்படுத்தியிருக்கிறீர்கள். உங்களைப் போன்ற நிலையில் இருக்கும் பெரும்பாலோர் அதைத்தான் பயன்படுத்துகிறார்கள். நாத்தனாரிடமிருந்து மறைக்க வேண்டும் என்று நினைக்கும்போது நாத்தனாரின் பெயர்தான் கண்முன் வந்து நிற்கும் என்பதால் அது இயல்பானது. ஆனால் கூட்டுக் குடும்பத்துக்கு அந்தத் தேர்வு சற்றும் பொருந்தாது என்பது என் உறுதியான கருத்து.

ஏனென்றால் நம் குடும்பங்களில் ஒரு போன் ஒருவருடையது அன்று. நாத்தனாரை விலக்கினீர்கள், அவருடைய கணவரின் எண்ணும், கல்லூரியில் படிக்கும் மகளின் எண்ணும் உங்கள் போனில் இருக்கின்றன அல்லவா? சாப்பிட்டு முடித்துவிட்டு நான்கு பேர் உட்கார்ந்திருக்கும்போது மகளின் போன் அம்மாவின் கைக்குப் போகாமல் இருக்குமா? நாளைக்கு ஒன்றுவிட்ட அத்தை ஒருவருடைய எண்ணைப் புதிதாகப் பதிகிறீர்கள் என்றால், அவர் தானாகவே உங்கள் ஸ்டேட்டஸைப் பார்ப்பவர்களில் சேர்ந்துவிடுவார். அவரையும் விலக்க வேண்டும் என்று உங்களுக்கு நினைவு வரும்போது படம் போய் இரண்டு நாள் ஆகியிருக்கும். விலக்குப் பட்டியலில் ஒருவரை மறந்தால் படம் வெளியே போகிறது. சேர்ப்புப் பட்டியலில் ஒருவரை மறந்தால், அந்தத் தோழிக்குப் படம் கிடைக்காமல் போகிறது. அவர் கேட்டால் அனுப்பிவிடலாம். மறதி எல்லோருக்கும் உண்டு என்பதால், மறந்தாலும் கேடு வராத பக்கத்தைத் தேர்ந்துகொள்வதுதான் நல்லது. சொந்தப் படங்களைப் பொறுத்தவரை எப்போதும் 'ஒன்லி ஷேர் வித்' தேர்வையே பயன்படுத்துங்கள்.

இந்த அமைப்பை மாற்றுவதால் யாருக்கும் அறிவிப்பு எதுவும் போகாது. ஆனால் மாற்றம், அதற்குப் பிறகு நீங்கள் போடும் ஸ்டேட்டஸுக்கு மட்டுமே பொருந்தும். ஏற்கெனவே போட்டுவிட்ட படம் 24 மணி நேரம் முடியும்வரை பழைய பட்டியலில் இருந்தவர்களுக்குத் தெரிந்துகொண்டேதான் இருக்கும். வேண்டாம் என்றால் அதை அழிக்கத்தான் வேண்டும். கீழே வரும் கண் குறியைத் தொட்டுப் 'பார்த்தவர்கள் பட்டியலில் அவர் பெயர் இல்லை' என்று நிம்மதி அடையவும் வேண்டாம். செய்தியைப் படித்ததைக் காட்டும் நீலக்குறி வராதபடி தங்கள் போனில் அமைத்துக்கொண்டவர்கள் உங்கள் ஸ்டேட்டஸைப் பார்த்தாலும் அந்தப் பட்டியலில் அவர்களுடைய பெயர் வராது. ஸ்டேட்டஸை யாராவது ஸ்க்ரீன்ஷாட் எடுத்தாலும் வாட்ஸ்அப் உங்களுக்குச் சொல்லாது.

இதில் உங்களுக்கு மட்டுமே உரிய ஒரு சிக்கல் இருக்கிறது. ஒருமுறை தேர்ந்தெடுத்த அமைப்பு, நீங்கள் மீண்டும் மாற்றும்வரை அப்படியே நிற்கும். ஏற்காட்டுப் படத்தை மூன்று தோழிகளுக்கு மட்டும் போட்டுவிட்டு, மறுநாள் காலையில் புதுக் கொலுசு மாடலைப் போட்டால் அதுவும் அந்த மூன்று பேருக்கு மட்டுமே போகும், ஆர்டர் வராது. அதை மாற்றிவிட்டு மறுபடியும் சொந்தப் படத்தைப் போட்டால் அது ஊருக்கெல்லாம் போகும். தினமும் வியாபாரப் படம் போடுகிற ஒருவர், ஒவ்வொரு முறையும் தவறாமல் இதை மாற்றிக்கொண்டே இருப்பார் என்று நான் நம்பமாட்டேன்.

உங்கள் கடிதத்தைப் படித்தபோது நாத்தனாரைவிட எனக்கு அதிகம் கவலை தந்ததும் இதுதான். ஸ்டேட்டஸ் தெரிய வேண்டுமென்றால் இருவர் போனிலும் மற்றவரின் எண் பதிந்திருக்க வேண்டும் என்பதால், கொலுசு கேட்டு வந்த ஒவ்வொருவரின் எண்ணையும் நீங்கள் கவனமாகப் பதிந்து வைத்திருப்பீர்கள்; அவர்களிடமும் உங்கள் எண்ணைப் பதியச் சொல்லியிருப்பீர்கள். ஈரோட்டிலிருந்தும் சென்னையிலிருந்தும் ஒரே ஒருமுறை வாங்கியவர்கள், விலை மட்டும் கேட்டுவிட்டுப் போனவர்கள், கொரியர் அலுவலகத்துப் பையன், இவர்கள் எல்லோரும் உங்கள் 'மை காண்டாக்ட்ஸ்' பட்டியலில் இருக்கிறார்கள். வீட்டில் குழந்தையின் பிறந்தநாள் படத்தைப் போட்டால், அது எந்தப் பள்ளிச் சீருடையில் எந்த வாசலில் நிற்கிறது என்பது முகம் தெரியாத இத்தனை பேருக்கும் போகிறது. நாத்தனாரிடமிருந்து ஒரு படத்தை மறைக்க நீங்கள் எடுத்த அக்கறையில் பாதியையாவது இதற்கு எடுக்க வேண்டும்.

இரண்டுக்கும் ஒரே தீர்வு, வியாபாரத்துக்கு ஓர் எண்ணும் சொந்தத்துக்கு ஓர் எண்ணும் வைத்துக்கொள்வது. வாடிக்கையாளர்களிடமும், அட்டைப்பெட்டியிலும், இன்ஸ்டாகிராம் பக்கத்திலும் இருப்பது பழைய எண் என்பதால் அதை வியாபாரத்துக்கே விட்டுவிட்டு, வாட்ஸ்அப் பிசினஸ் செயலிக்கு மாற்றிக்கொள்ளுங்கள். அதில் கொலுசுகளை எடை, விலையோடு வரிசையாகக் காட்டும் கேட்லாக் வசதியும், கடை நேரம் போட்டுவைக்கும் வசதியும் இருக்கின்றன. புதிதாக ஒரு சிம் வாங்கி, அதே போனில் சாதாரண வாட்ஸ்அப்பில் போட்டு, அந்த எண்ணைத் தோழிகளுக்கும் உங்கள் பிறந்த வீட்டுக்கும் மட்டும் கொடுங்கள். உறவினர்கள் எல்லோரிடமும் இருப்பது பழைய எண்தான். நாத்தனாருக்கு உங்கள் ஸ்டேட்டஸ் முன்போலவே தினமும் வரும். அதில் கொலுசு இருக்கும். அவரை நீங்கள் எதிலிருந்தும் விலக்கியிருக்கமாட்டீர்கள், அவர் கண்டுபிடித்து வருந்துவதற்கும் எதுவும் இருக்காது. புது எண்ணிலும் ஸ்டேட்டஸை 'ஒன்லி ஷேர் வித்' தேர்விலேயே வையுங்கள். அந்த எண்ணோடு எந்தக் குடும்பக் குரூப்பிலும் சேராதீர்கள், ஏனென்றால் குரூப்பில் இருப்பவர்கள் எல்லோருக்கும் எண் தெரிந்துவிடும். யார் உங்களைக் குரூப்பில் சேர்க்கலாம் என்பதற்கும் ப்ரைவசி பகுதியிலேயே தனி அமைப்பு உண்டு.

முகப்புப் படத்தை மட்டும் குறிப்பிட்டவர்களுக்குத் தெரியாமல் மறைக்க வேண்டாம் என்று கேட்டுக்கொள்கிறேன். அந்த வசதி வாட்ஸ்அப்பில் இருக்கிறது. ஆனால் மறைக்கப்பட்டவரின் போனில் உங்கள் படம் இருந்த இடம் வெறுமையாகிவிடும். நம் உறவுகளில் அதற்கு 'என்னை ப்ளாக் பண்ணிவிட்டாள்' என்பதைத் தவிர வேறு பொருள் கிடையாது. எல்லோரும் பார்க்கக்கூடிய ஒரு படத்தையே முகப்பில் வைத்துவிடுவது எளிது.

ஃபேஸ்புக்கில் உங்களுக்கு உதவக்கூடியது 'ரெஸ்ட்ரிக்டட்' என்ற பட்டியல். அதில் ஒருவரைச் சேர்த்தால் அவர் உங்கள் நண்பராகவே நீடிப்பார். அவருக்கு அறிவிப்பு எதுவும் போகாது. நீங்கள் எல்லோருக்கும் பொதுவாகப் போடுபவையும், அவரையே டேக் செய்தவையும், உங்கள் இருவருக்கும் பொதுவான நண்பரின் பக்கத்தில் நீங்கள் போடுபவையும் மட்டும் அவருக்குத் தெரியும். நண்பர்களுக்கு மட்டும் என்று போட்டவை தெரியா. வாட்ஸ்அப்பைப் போல் அல்லாமல் இது பழைய பதிவுகளுக்கும் சேர்த்தே பொருந்தும் என்பது இதன் பெரிய நன்மை. நான்கு ஆண்டுகளுக்கு முன் போட்டதையும் அவரால் இனிப் பார்க்க முடியாது. ஆனால் ஒருவரின் பக்கம் திடீரென்று காலியாகிப்போனால் எவருக்கும் சந்தேகம் வரும். அதனால் கோட்டை மாரியம்மன் ஆடித் திருவிழாப் படம், பொங்கல் வாழ்த்து, புதுக் கொலுசு மாடல் போன்றவற்றை அவ்வப்போது பொதுவாகவே போட்டு வாருங்கள். அவை அவருக்கும் தெரியும். பக்கம் உயிரோடு இருப்பதாகத் தோன்றும், அது உண்மையும்கூட.

பெண்கள் பலர் ப்ரொஃபைலை லாக் செய்துவிட்டால் போதும் என்று நம்புகிறார்கள். இந்த வசதி 2020-ல் இந்தியாவில் அறிமுகமானது, மிகவும் பயனுள்ளது. ஆனால் அது நண்பர் அல்லாதவர்களைத்தான் தடுக்கிறது. உங்கள் பிரச்சினை நண்பர் பட்டியலுக்குள்ளேயே இருப்பதால் அந்தப் பூட்டு இங்கே ஒன்றும் செய்யாது. பழைய பதிவுகளை ஒரே சொடுக்கில் சுருக்கும் 'லிமிட் பாஸ்ட் போஸ்ட்ஸ்' என்பதும் அப்படித்தான். பொதுவாகவும் நண்பர்களின் நண்பர்களுக்கும் போட்டிருந்தவற்றை நண்பர்களுக்கு மட்டும் என்று அது மாற்றுகிறது, அவ்வளவுதான். நாத்தனார் நண்பர் என்பதால் அவருக்கு எல்லாம் முன்போலவே தெரியும்.

டேக் செய்வதைப் பற்றி. அமைப்புகளில் ப்ரொஃபைல், டேகிங் தொடர்பான பகுதிக்குள் இரண்டு காரியங்களைச் செய்யுங்கள். பிறர் உங்களை டேக் செய்யும் படங்கள் உங்கள் ஒப்புதலுக்குப் பிறகே உங்கள் பக்கத்தில் வரும்படி மாற்றுங்கள். அடுத்து, நீங்கள் டேக் செய்யப்படும்போது உங்கள் நண்பர்களையும் பார்வையாளர்களாகச் சேர்க்க வேண்டுமா என்று ஓர் அமைப்பு கேட்கும். அதை உங்களுக்கு மட்டும் என்று சுருக்கிவிடுங்கள். ஏற்காட்டுப் படம் நுழைந்த கதவு பெரும்பாலும் இதுதான். ஆனால் தோழி தன் பக்கத்தில் போட்ட படம் தோழியுடையது. அதன் பார்வையாளர்களை அவர்தான் தீர்மானிக்கிறார். அந்தத் தோழிக்கும் உங்கள் நாத்தனாருக்கும் ஃபேஸ்புக்கில் நட்பு இருந்தால் — சேலத்தில் அது ஒன்றும் அதிசயமில்லை, ஒரே பள்ளியில் படித்திருப்பார்கள், ஒரே தெருவில் குடியிருந்திருப்பார்கள் — உங்களால் எந்தப் பொத்தானையும் அழுத்தி அதைத் தடுக்க முடியாது. அதற்கு ஒரே வழி வாய்விட்டுச் சொல்வதுதான். "படத்தைப் போடு, ஆனால் என்னை டேக் பண்ணாதே, நான் இருக்கிற படத்தை ஃபேஸ்புக்கில் போடுவதற்கு முன் ஒரு வார்த்தை கேள்" என்று சொல்லிவிடுங்கள். தோழிகளுக்கு இது புரியும். அவர்களுக்கும் ஒரு மாமியாரும் ஒரு நாத்தனாரும் இருப்பார்கள்.

குறிப்பிட்ட ஒருவருக்கு உங்கள் பக்கம் எப்படித் தெரிகிறது என்று பார்க்கும் வசதி முன்பு ஃபேஸ்புக்கில் இருந்தது. 2018 செப்டம்பரில் 'வியூ ஆஸ்' என்ற அந்த வசதியில் இருந்த பாதுகாப்புக் குறையின் வழியாகப் பெருமளவில் கணக்குகள் ஊடுருவப்பட்டதை அடுத்து அதை நிறுத்திவிட்டார்கள். பிறகு, பொதுமக்களுக்கு எப்படித் தெரியும் என்று பார்ப்பதை மட்டும் திரும்பக் கொடுத்தார்கள். ஆகவே இப்போது சோதிக்க வேண்டுமென்றால் இன்னொருவரின் போன்தான் வேண்டும். உங்கள் கணவரைச் சிறிது நேரத்துக்கு 'ரெஸ்ட்ரிக்டட்' பட்டியலில் சேர்த்துவிட்டு, அவர் போனில் உங்கள் பக்கத்தைத் திறந்து பாருங்கள். என்ன தெரிகிறது, என்ன தெரியவில்லை என்பது இருவருக்கும் ஒரே நேரத்தில் விளங்கிவிடும். பிறகு மறக்காமல் அவரை எடுத்துவிடுங்கள்.

இன்ஸ்டாகிராமில் ஒரு தவறு மிகப் பரவலாக நடக்கிறது. அங்கேயும் 'ரெஸ்ட்ரிக்ட்' என்று ஒன்று இருக்கிறது. பெயர் ஃபேஸ்புக்கில் இருப்பதைப் போலவே இருப்பதால், அதைத் தொட்டால் படங்கள் மறைந்துவிடும் என்று எண்ணிக்கொள்கிறார்கள். மறையாது. அவர் எழுதும் கமெண்ட் நீங்கள் அனுமதித்தால் ஒழியப் பிறருக்குத் தெரியாது. அவருடைய செய்திகள் தனியே ஒதுங்கும். நீங்கள் ஆன்லைனில் இருப்பது அவருக்குத் தெரியாது. படங்களை அவர் வழக்கம்போல் பார்த்துக்கொண்டே இருப்பார். ஸ்டோரியை மட்டும் குறிப்பிட்டவர்களிடமிருந்து மறைக்கத் தனி அமைப்பு உண்டு. 'க்ளோஸ் ஃப்ரெண்ட்ஸ்' பட்டியலை உருவாக்கி அவர்களுக்கு மட்டும் காட்டுவது அதைவிட நல்லது. வாட்ஸ்அப்பில் சொன்ன அதே காரணம்தான். உங்கள் கொலுசுப் பக்கம் பிசினஸ் கணக்காக இருக்குமானால் அதைத் தனிப்பட்டதாகப் பூட்டவும் முடியாது. அதில் சொந்தப் படங்களைப் போடுவதை நிறுத்திவிட்டு, புது எண்ணில் தனியாக ஒரு கணக்கைத் தொடங்கி, அதைப் ப்ரைவேட்டாக வைத்து, போனில் உள்ள எண்களோடு இணைக்கும் வசதியை அணைத்துவிடுங்கள். இன்ஸ்டாகிராமைப் பற்றி உங்களுக்கு இவ்வளவு போதும்.

இனி, மறைப்பது தவறா என்ற கேள்விக்கு வருகிறேன். வீட்டுக்கு வருகிறவர்களில் வாசலில் நின்று பேசிவிட்டுப் போகிறவர் உண்டு, கூடத்தில் உட்காருகிறவர் உண்டு, சமையலறைவரை வந்து நம்மோடு காய் நறுக்குகிறவரும் உண்டு. கூடத்தில் உட்கார்ந்தவரை நாம் ஏமாற்றினோம் என்று யாரும் சொல்லமாட்டார்கள். எதை யாரோடு பகிர்வது என்று தீர்மானிக்கும் உரிமை உங்களுடையது. அந்தரங்கம் அடிப்படை உரிமை என்று உச்ச நீதிமன்றத்தின் 9 நீதிபதிகள் கொண்ட அமர்வு 2017 ஆகஸ்டில் தீர்ப்பளித்தது. அது அரசைப் பற்றிய வழக்கு என்றாலும், தன் வாழ்க்கையில் எது பொது, எது தனி என்று ஒருவர் வகுத்துக்கொள்வது மனித கண்ணியத்தின் பகுதி என்ற எண்ணம் வீட்டுக்குள்ளும் பொருந்தும் என்றே நான் நினைக்கிறேன்.

ஆனால், சகோதரி, உங்கள் வீட்டில் நடந்ததை நான் அந்தக் கணக்கில் மட்டும் வைக்கமாட்டேன். அந்தப் படத்தைப் பார்த்து உங்கள் மாமியார் மனம் வருந்தியது நீங்கள் ஏற்காடு போனதற்காகவா, அம்மா வீட்டுக்குப் போவதாகச் சொல்லிவிட்டு ஏற்காடு போனதற்காகவா? கடிதத்தில் அவர் என்ன சொல்லிக் கோபப்பட்டார் என்று நீங்கள் எழுதவில்லை. என்னிடம் வரும் குடும்பங்களில் நான் பார்த்த வரை, பயணத்துக்காக வரும் கோபம் நாலு நாளில் ஆறிவிடுகிறது. 'என்னிடம் பொய் சொன்னாள், ஊரார் காட்டித்தான் எனக்குத் தெரிந்தது' என்பதுதான் இத்தனை நாள் பேச்சில்லாமல் வைத்திருக்கிறது. ஒரு படத்தை ஒருவருக்குக் காட்டாமல் இருப்பது உங்கள் உரிமை. ஒன்றைச் சொல்லிவிட்டு வேறொன்றைச் செய்ததை எந்த அமைப்பும் காப்பாற்றாது. அதைக் காப்பாற்றுவதற்காகவே நாளெல்லாம் போனைத் தடவிக்கொண்டிருக்க நேரும். உண்மையைச் சொன்னால் போகவிடமாட்டார்கள் என்பதால்தான் அப்படிச் சொன்னீர்கள் என்பது எனக்குப் புரிகிறது. 31 வயதுப் பெண் தோழிகளோடு ஒரு நாள் மலைக்குப் போய்வர அனுமதி கேட்டு நிற்க வேண்டியிருப்பது சரியல்ல. அதை மாற்றும் பொறுப்பு உங்களைவிட உங்கள் கணவருக்கே அதிகம் இருக்கிறது. "அம்மா, அவள் ஏற்காடு போகிறாள், நான்தான் போய்வரச் சொன்னேன்" என்று அவர் அன்றே சொல்லியிருந்தால், அந்தப் படம் நாத்தனார் கையில் ஒரு செய்தியாகவே ஆகியிருக்காது.

'எதையும் போடாமலே இரு' என்ற அவருடைய யோசனையை நான் ஏற்கவில்லை. உங்கள் தோழிகள் போடும் படத்தை அது தடுக்காது என்பது ஒன்று. பத்தாண்டு கழித்துக் கூடிய நால்வரின் மகிழ்ச்சியைச் சொல்லிக்கொள்ளக்கூட இடமில்லை என்பது உங்களுக்கு நியாயமாகாது என்பது இன்னொன்று. ஆனால் மறைத்தால் சந்தேகம் வரும் என்று அவர் சொல்வதில் உண்மை இருக்கிறது. எல்லாவற்றையும் மறைத்தால் வரும். கொஞ்சம்கூடக் கிடைக்காதவர்தான் தேடத் தொடங்குகிறார். குழந்தையின் படத்தையும் கோயிலுக்குப் போன படத்தையும் குடும்பக் குரூப்பில் நீங்களாகவே போடுங்கள். நாத்தனாருக்குத் தனியாக இரண்டு அனுப்பி, "அண்ணி, பாருங்கள்" என்று எழுதுங்கள். என்றைக்காவது அவர், "இப்போதெல்லாம் நீ படமே போடுவதில்லையே" என்று கேட்டால், "அந்த எண்ணை வியாபாரத்துக்கு விட்டுவிட்டேன் அண்ணி, முன்பின் தெரியாதவர்கள் நிறைய இருக்கிறார்கள்" என்று சொல்லலாம். அது முழு உண்மை. இதே பதிலை உங்கள் கணவரும் அறிந்திருக்க வேண்டும், ஏனென்றால் தம்பியிடம்தான் அக்கா முதலில் கேட்பார்.

அவரை ப்ளாக் செய்யலாமா என்ற எண்ணம் உங்களுக்கு வந்திருந்தால், வேண்டாம். ப்ளாக் செய்தால் முகப்புப் படம் மறையும், செய்திகள் ஒற்றைக் குறியோடு நிற்கும்; ஒரே நாளில் தெரிந்துவிடும். ஆடிக்கு அவர் பிறந்த வீட்டுக்கு வரும்போது பேச்சு அதைப் பற்றியதாகத்தான் இருக்கும். யாராவது உங்கள் படத்தை மாற்றி ஆபாசமாக்கினாலோ, அதை வைத்து மிரட்டினாலோ, வேண்டாம் என்று தெளிவாகச் சொன்ன பிறகும் ஓர் ஆண் உங்களை இணையத்தில் விடாமல் பின்தொடர்ந்தாலோ அது வேறு விஷயம். பின்தொடர்வது பாரதிய நியாய சன்ஹிதா என்ற தண்டனைச் சட்டத்தின் 78-ஆம் பிரிவின்படி குற்றம். எல்லாவற்றையும் ஸ்க்ரீன்ஷாட் எடுத்துவைத்துக்கொண்டு சைபர் குற்றப் பிரிவில் புகார் தர வேண்டும். உங்கள் நாத்தனார் செய்தது அந்த வகையைச் சேர்ந்ததல்ல. தன் கண்ணில் பட்ட படத்தைத் தன் அம்மாவுக்கு அனுப்பினார். அது வருத்தத்துக்குரியது, அவ்வளவே.

முதலில் உங்கள் தோழிக்கு இன்றே பேசுங்கள். படம் அவர் பக்கத்தில் இருந்தால் அதை நீக்கவோ, பார்வையாளர்களைச் சுருக்கவோ சொல்லுங்கள். அதுவரை காத்திராமல் டேக்கை நீங்களே நீக்கிவிடலாம், அதற்கு அவருடைய ஒப்புதல் தேவையில்லை. ஃபேஸ்புக் அமைப்புகளைக் கணவரோடு உட்கார்ந்து மாற்றுங்கள். புது சிம்முக்கு ஓரிரு நாள் ஆனாலும் பரவாயில்லை. அது வரும்வரை பழைய எண்ணில் குழந்தையின் படத்தைப் போடாதீர்கள். மாமியாரிடம் பேசுவதை மட்டும் அந்த ஓரிரு நாள்வரைகூடத் தள்ளிப்போட வேண்டாம்; கணவர் உடனிருக்கும்போது, நாத்தனாரின் பேச்சை எடுக்காமல், அன்று எங்கே போனீர்கள், ஏன் மாற்றிச் சொன்னீர்கள் என்பதை மட்டும் சொல்லுங்கள்.

அன்புடன்,
உங்கள் ஆலோசகர்